கோஆக்ஸ் கேபிள் லேன்ல ஆறு வருஷம்: என்னோட அனுபவம்

1991லேர்ந்து 1997 வரைக்கும் ஆபீஸ்ல லேன, அதாவது கம்ப்யூட்டர்கள ஒண்ணோட ஒண்ணு இணைக்கிற நெட்வொர்க்க, பாத்துக்கிட்டது நான்தான். இருபது மெஷின் சுமார், எல்லாம் 10பேஸ்2, அதாவது மெல்லிசு கோஆக்ஸ்ல (டிவி கேபிள் மாதிரி நடுவுல கம்பி, சுத்தி உலோக வலை) ஓடுற ஈதர்நெட் வகை நெட்வொர்க். சர்வர்ல நெட்வேர்ங்கற நெட்வொர்க் சாஃப்ட்வேர், மத்ததெல்லாம் டாஸ்ங்கற பழைய ஆபரேட்டிங் சிஸ்டம். தினமும் கைவச்சு பழகுன விஷயம்ங்கறதால கொஞ்சம் விவரமாவே எழுதுறேன்.

அதுக்கு முன்னாடி எங்ககிட்ட இருந்தது ஆர்க்நெட்ங்கற வேற வகை நெட்வொர்க். டேட்டாபாயின்ட் கம்பெனி 1977ல கொண்டு வந்தது, ஸ்பீடு வெறும் 2.5 மெகாபிட். ஆனா அத மட்டமா சொல்ல எனக்கு மனசு வராது, ஏன்னா டோக்கன், அதாவது மெஷினுக்கு மெஷின் சுத்தி வர்ற பேசற முறை, யார்கிட்ட வருதோ அவங்க மட்டும்தான் பேச முடியும், அதனால மாசக் கடைசில எல்லாரும் ஒண்ணா உக்காந்து என்ட்ரி போட்டாலும் ஒரே சீரா போகும். தொல்லைன்னா நோட் நம்பர், அதாவது ஒவ்வொரு மெஷினோட அடையாள நம்பர்தான். மெஷினுக்குள்ள போடுற நெட்வொர்க் கார்டுல இருக்குற குட்டி சுவிட்ச்ச தள்ளி 1லேர்ந்து 255க்குள்ள ஒரு நம்பர் வைக்கணும், ரெண்டு கார்டுக்கு ஒரே நம்பர் வந்துட்டா போச்சு.

ஈதர்நெட்டுக்கு மாறினதும் 10 மெகாபிட், ஃபைல் காப்பி பண்றப்பவே வித்தியாசம் தெரிஞ்சுது. என்இ2000 மாதிரி கார்டு, அதோட பேக்டரி செட்டிங் ஐஆர்க்யூ (கார்டு சிபியுவ கூப்பிடுற லைன் நம்பர்) 3, அது மோடம் மாட்டுற காம்2 போர்ட் கூட மோதும், அதனால மோடம் இருந்த மெஷின்ல 5க்கு மாத்தி வச்சேன். அதெல்லாம் ஒரு தடவ செஞ்சா முடிஞ்சுது. கேபிள்தான் அப்படி இல்ல.

ஒரே கேபிள் ஒவ்வொரு மெஷினா தொட்டுக்கிட்டு போகும், ஒவ்வொரு கார்டுலயும் ஒரு டி கனெக்டர் (T வடிவ இணைப்பு), ரெண்டு முனையிலயும் 50 ஓம் டெர்மினேட்டர், அதாவது சிக்னல் முனையில மோதித் திரும்பாம தடுக்குற மூடி. ஒரு செக்மென்ட், அதாவது ஒரு முனையிலேர்ந்து மறு முனை வரைக்கும் கேபிள், 185 மீட்டர், 30 மெஷின், அதுக்கு மேல கூடாது. நடுவுல எங்க விட்டுப்போனாலும் எல்லாரும் போச்சு. மேஜைய நகர்த்துறப்ப டியோட சேத்து கார்டுலேர்ந்து கழட்டினா ஒண்ணும் ஆகாது, ஆனா ஜனங்க டில இருக்குற கேபிளத்தான் திருகி எடுப்பாங்க, அடுத்த நிமிஷம் எல்லா ஸ்கிரீனும் நின்னுடும்.

அப்ப என்னைக் காப்பாத்துனது ஒரு மல்டிமீட்டர். எல்லா மெஷினையும் ஆஃப் பண்ணிட்டு, ஏதோ ஒரு டிய கார்டுலேர்ந்து உருவி நடு பின்னுக்கும் வெளி ஓட்டுக்கும் நடுவுல ஓம் பாக்கணும். ரெண்டு 50 ஓம் பேரலல்ல இருக்கறதால 25, இல்ல கூட ரெண்டு மூணு காட்டும். 50 காட்டினா ஒரு பக்கம் அறுந்திருக்கு. டிலேர்ந்து ஒரு பக்க கேபிள கழட்டிப் பாத்தா எந்தப் பக்கம்னு தெரிஞ்சுடும், அப்புறம் அந்தப் பக்கத்துல பாதி தூரம் போய் மறுபடி அதே மாதிரி. பத்து நிமிஷத்துல கிரிம்ப் (பிளக்க கேபிள் முனையில அமுக்கிப் பிடிக்க வச்சது) விட்டுப்போன பிளக்கு கைக்கு வந்துடும்.

ஆனா ஒரே ஒரு தடவ மீட்டரே ஏமாத்திடுச்சு. 25 ஓம் சரியா காட்டுது, லாகின் ஆகுது, சின்ன ஃபைல் போகுது, பெரிய ஃபைல்னா பாதில தொங்குது. மூணு நாள் கார்டு மாத்தி, டிரைவர் மாத்தி, ஒண்ணும் நடக்கல. கடைசில கேபிள் மேல அச்சடிச்சிருந்தத டார்ச் அடிச்சு முழுசா படிச்சுக்கிட்டே போனா, நடுவுல ஒரு துண்டு ஆர்ஜி-59! அது 75 ஓம் டிவி கேபிள், நமக்கு வேண்டியது 50 ஓம் ஆர்ஜி-58. பாக்க கிட்டத்தட்ட ஒண்ணு போலவே இருக்கும், டிசி கரன்ட்டுக்கு ரெண்டும் வெறும் கம்பிதான், அதான் மீட்டருக்குத் தெரியல. சிக்னல் மட்டும் அந்த ஜாயின்ட்ல மோதித் திரும்புது. அந்தத் துண்ட மாத்தின உடனே சரியாயிடுச்சு.

1997ல 10பேஸ்-டி ஹப், அதாவது ஒவ்வொரு மெஷினுக்கும் தனித்தனி வயர் போற பெட்டி, வந்துச்சு, ஒரு வயர் போனா ஒரு மெஷின்தான் நிக்கும், எந்த போர்ட்னு லைட்டே சொல்லிடும். நிம்மதின்னா அப்படி ஒரு நிம்மதி.

இப்ப பழைய டாஸ் மெஷின்கள வச்சு கோஆக்ஸ்ல லேன் போட்டுப் பாக்கணும்னு யாராவது நினைச்சா தாராளமா போடுங்க, ரெண்டு மெஷினுக்கு ஹப்பே வேணாம். கேபிள் மேல ஆர்ஜி-58ன்னு இருக்கான்னு படிச்சுட்டு வாங்குங்க, ரெண்டு டிக்கு நடுவுல அரை மீட்டராவது விடுங்க, கேபிள் ரெடிமேடா கிடைக்கலன்னா கிரிம்ப் பண்ண நல்ல டூல் வச்சுக்குங்க, பிளையர்ஸால அமுக்காதீங்க.