குறுக்குப் பெருக்கலா, மீ.சி.ம.வா?

எட்டாம் வகுப்பு படிக்கும் அக்கா மகனுக்கு ஒரு மாதமாக மாலையில் கணக்குச் சொல்லிக்கொடுக்கிறேன். பகுதிகள் (கீழே இருக்கும் எண்கள்) வேறுபட்ட, கழித்தல் குறி கொண்ட குறைப் பின்னங்களைக் கூட்டவும் கழிக்கவும் இரண்டு வழிகள் உண்டு. பகுதிகளின் மீச்சிறு பொது மடங்கை (மீ.சி.ம.), அதாவது அவை எல்லாவற்றாலும் மீதியின்றி வகுபடும் மிகச் சிறிய எண்ணைக் கண்டுபிடிப்பது ஒன்று. கண்ணை மூடிக்கொண்டு குறுக்கே பெருக்குவது மற்றொன்று. அவன் இரண்டாவதில் பழகியவன், நான் முதலாவதற்கு மாற்றினேன். ஆகவே என்னிடம் நடுநிலையை எதிர்பார்க்க வேண்டாம்.

−3/5 + 2/7 போன்ற கணக்கில் எதுவும் வித்தியாசமில்லை. எப்படிப் போனாலும் பகுதி 35, விடை −11/35. குறுக்குப் பெருக்கல் வேகமானது என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

சங்கடம் −7/12 − (−5/18) போன்ற இடத்தில்தான். அவன் குறுக்கே பெருக்கினான்: 7 × 18 = 126, 5 × 12 = 60, கீழே 216. பெருக்கல் அத்தனையும் சரி. அந்த மும்முரத்தில் ஒரு கழித்தல் குறியை விழுங்கிவிட்டு −126 − 60 என்று எழுதினான். −186/216 வந்தது. இரண்டால் சுருக்கி, மூன்றால் சுருக்கி, −31/36 என்று எழுதி அடியில் இரட்டைக் கோடும் போட்டுவிட்டான். தவறான விடை இவ்வளவு ஒழுங்காகச் சுருங்கினால் எந்தப் பிள்ளைக்குச் சந்தேகம் வரும்?

பொதுப் பகுதியை 36 ஆக்கினால் அதே கணக்கு −21/36 − (−10/36) என்று நிற்கிறது. அவனே சொன்னான்: "மாமா, 21 ரூபாய்க் கடனில் 10 ரூபாயைத் தள்ளுபடி செய்கிறார்கள், அவ்வளவுதானே?" கி.பி. 628இலேயே கணித அறிஞர் பிரம்மகுப்தர் குறை எண்ணைக் கடன் என்றுதான் அழைத்தார். கடன் குறைய வேண்டும் என்பது எழுதுவதற்கு முன்பே தெரிந்துவிடுகிறது, விடை −11/36. பகுதியைச் சமமாக்குவது ஒரு வேலை, குறியைக் கவனிப்பது வேறு வேலை. இரண்டும் ஒரே வரியில் முட்டிக்கொள்ளாததற்காகவே நான் இந்த முறையின் பக்கம் நிற்கிறேன்.

மூன்று பின்னங்கள் வந்தால் கேட்கவே வேண்டாம். −5/6 + 3/8 − 7/12 என்பதை 24இல் முடித்தால் −25/24. எல்லாவற்றையும் பெருக்கினால் பகுதி 576, மேலே −600. இந்தச் சிக்கனத்தை 9ஆம் நூற்றாண்டிலேயே கணித அறிஞர் மகாவீரர் 'கணித சார சங்கிரக'த்தில் சொல்லிவிட்டார்.

மீ.சி.ம. காணவே தடுமாறும் பிள்ளைக்கு இது ஒத்துவருமா என்று என்னால் சொல்ல முடியாது. நான் பார்த்தது ஒரே ஒரு மாணவனை. பகுதியில் எழுத்துகள் வரும் பாடத்துக்கும் நாங்கள் இன்னும் போகவில்லை.

5, 7 போலப் பொதுக் காரணி இல்லாத பகுதிகளுக்கு அவன் இப்போதும் குறுக்கேதான் பெருக்குகிறான். நான் தடுக்கவில்லை. − (−) என்பதை முதலில் + என்று மாற்றி எழுதிவிட்டு அப்புறம் பெருக்கு என்று மட்டும் சொல்லிவைத்திருக்கிறேன்.