ரிங்குவா, கைரோவா?

ஜப்பானியப் பேய்ப் படங்களில் ஜூனிசிரோ ஹயாஷியின் ஒளிப்பதிவை எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம் என்று கேட்டால், இரண்டு படங்கள் முன்னே நிற்கும். 1998-ல் இயக்குநர் ஹிடியோ நகாட்டாவுக்காக எடுத்த 'ரிங்கு', 2001-ல் இயக்குநர் கியோஷி குரோசாவாவுக்காக எடுத்த 'கைரோ'.

'ரிங்கு' எளிதில் பிடிபடும். அதன் பேயான சடாகோ டிவியிலிருந்து ஊர்ந்து வருவது நள்ளிரவில் அல்ல, பட்டப்பகலில், புத்தகங்கள் நிறைந்த ஒரு சாதாரண வீட்டில். நடிகையைப் பின்னோக்கி நடக்கவைத்துப் படம்பிடித்து, அதைத் திருப்பி ஓட்டியதால்தான் அந்த நடையில் அப்படியொரு கோணல். பேய் யார், எங்கே நிற்கிறது என்பதில் குழப்பமே இல்லை.

'கைரோ'வில் அந்தத் தெளிவையே ஹயாஷி பறித்துவிடுகிறார். சாம்பல் படிந்த நிறம், முகம் தெரியாத அளவுக்கு மங்கல். இருட்டு அறையின் கோடியிலிருந்து ஒரு பெண் நடந்து வருகிறாள். நடுவில் கால் மடங்கி, உடல் ஒருபக்கமாகச் சரிந்து, மெல்ல நிமிர்கிறாள். அவ்வளவுதான். திடுக்கிட வைக்கும் காட்சி வெட்டு எதுவும் இல்லை. கேமராவுக்கு அவசரமும் இல்லை. இறந்தவர்கள் சுவரில் கருங்கறையாக மிஞ்சுவதும் இதே படத்தில்தான்.

கதை வேகமாக நகர வேண்டும் என்பவருக்கு 'ரிங்கு'. 'கைரோ' இழுவை என்று பலர் சொல்வதில் நியாயம் உண்டு, பின்பாதி கொஞ்சம் சிதறத்தான் செய்கிறது. ஆனாலும் ஒளிப்பதிவுக்காக மட்டும் என்றால் என் ஓட்டு அதற்கே. அதைப் பகல் வெளிச்சத்தில் செல்போனில் மட்டும் பார்க்காதீர்கள், பாதிப் படம் தெரியாது.