காய்கறி கீஷுக்கு எந்த அடிமாவு: மைதாவா, ராகியா, அடிமாவே இல்லாமலா?

முட்டையையும் பாலையும் கிரீமையும் அடித்துக் கலந்து, முன்னதாகவே பாதி சுட்டு வைத்த மாவுக் கிண்ணத்தில், அதாவது அடிமாவில், ஊற்றி, மிதமான சூட்டில் இறுக வைக்கும் பண்டமே கீஷ். பிரான்சின் வடகிழக்கிலுள்ள லொரேன் பகுதிக்குரிய இதன் பழைய வடிவத்தில் காய்கறி கிடையாது. முட்டை, கிரீம், உப்பிட்டுப் பதப்படுத்திய பன்றி இறைச்சித் துண்டுகள் ஆகியவையே அதன் உட்பொருள்கள். காய்கறி உள்ளே வந்தபோது கூடவே தண்ணீரும் வந்தது. வீட்டில் செய்யும் காய்கறி கீஷ் பெரும்பாலும் சுவையில் தோற்பதில்லை. அடிப்பாகம் ஊறிக் குழைந்து, வெட்டும்போது துண்டு நிற்காமல் சரிவதில்தான் தோற்கிறது. ஆகவே, எந்த அடிமாவு சிறந்தது என்பதைச் சுவையை வைத்து மட்டும் முடிவு செய்ய இயலாது. காய்கறியின் ஈரத்தை எது தாங்குகிறது, நம் ஊர் வெயிலில் எதைப் பதற்றமின்றிக் கையாள முடிகிறது என்பவற்றையும் சேர்த்தே பார்க்க வேண்டும்.

2004 பிப்ரவரி வரை ஒரே மாவட்டமாக இருந்த தருமபுரியும் கிருஷ்ணகிரியும் இந்தப் பண்டத்துக்கு வேண்டிய பெரும்பாலான பொருள்களைத் தாமே விளைவிக்கின்றன. ஓசூர், தளி, கெலமங்கலம் பக்கத்துக் குடைமிளகாய், முட்டைக்கோஸ், பீன்ஸ், பாலக்கோடு, இராயக்கோட்டைத் தக்காளி, இரு மாவட்டங்களின் மானாவாரி நிலங்களில் விளையும் ராகி, நிலக்கடலை என எல்லாமே கைக்கெட்டும் தூரத்தில் கிடைக்கின்றன. தட்பவெப்பம் மட்டும் ஒரே மாதிரி இல்லை. கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 900 மீட்டர் உயரத்திலுள்ள ஓசூரில் டிசம்பர் காலையில் வெண்ணெய் கல்லாக இருக்கும். தருமபுரி நகரின் சமையலறையில் ஏப்ரல் நண்பகலில் அதே வெண்ணெய் கையில் எடுத்தவுடன் எண்ணெயாக வழியும். கீழே வரும் ஒப்பீட்டில் இந்த வேறுபாட்டுக்குப் பெரும் பங்கு உண்டு.

முதலில், முறையான பிரெஞ்சு வழியான மைதா வெண்ணெய் அடிமாவு. 200 கிராம் மைதாவுக்கு 100 கிராம் வெண்ணெய், அரை தேக்கரண்டி உப்பு, மூன்று அல்லது நான்கு மேசைக்கரண்டி குளிர்ந்த நீர் என்பது நம்பத்தக்க அளவு. கடையில் வாங்கும் மஞ்சள் நிற வெண்ணெய் பெரும்பாலும் உப்பிட்டது. அதைப் பயன்படுத்தினால் தனியே உப்புச் சேர்க்க வேண்டியதில்லை. வெண்ணெய்த் துண்டுகள் மாவில் கரையாமல் பட்டாணி அளவுக்குச் சிறு உருண்டைகளாக நின்றால்தான், அடுப்பின் சூட்டில் அவற்றிலுள்ள நீர் ஆவியாகி மாவை அடுக்கடுக்காகப் பிரிக்கும்; வாயில் வைத்ததும் உதிரும் அந்தத் தன்மைக்கு இதுவே காரணம். வெண்ணெய் ஏறத்தாழ 32 முதல் 35 டிகிரி செல்சியசில் உருகிவிடும் என்பதால், கோடைக் காலத் தருமபுரியில் இந்த மாவைச் செய்ய விரும்புவோர் விடியற்காலையில் திரட்டி, தேய்ப்பதற்கு முன்பு அரை மணி நேரமும் சுடும் டின்னில் பரப்பிய பின்பு இன்னும் அரை மணி நேரமும் குளிர்பதனப் பெட்டியில் வைத்தே ஆக வேண்டும்.

வெயிலைவிடப் பெரிய இடையூறு நம் கைப்பழக்கம். சப்பாத்திக்கு மாவை அழுத்தி அழுத்திப் பிசைந்து பழகிய கை, இந்த மாவையும் அப்படியே பிசையத் துடிக்கும். அவ்வாறு பிசைந்தால் மைதாவின் பசைத்தன்மை வலுப்பெற்று, சுடும்போது மாவு டின்னின் ஓரத்திலிருந்து கீழே சுருங்கி இறங்கும். பிறகு ஊற்றும் முட்டைக் கலவை ஓரம் வழியாகக் கசியும். உதிரியாக இருக்கும் மாவை ஒன்றுதிரட்டினால் போதும், பிசைய வேண்டாம் என்பதை இதைச் செய்பவர் மனத்தில் நிறுத்திக்கொள்ள வேண்டும்.

இந்த மாவை வெறுமையாகச் சுடும்போது நடுப்பகுதி உப்பாமலிருக்க, மேலே பேக்கிங் தாள் விரித்துப் பாரம் வைக்க வேண்டும். ராஜ்மாவோ கொண்டைக்கடலையோ போடலாம் என்பது பொதுவான அறிவுரை. நம் வீடுகளில் இருக்கும் கொள்ளு அவற்றைவிட மேலானது. சிறியதாகவும் தட்டையாகவும் இருப்பதால் டின்னின் மூலை வளைவுவரை இறங்கி, மாவை ஓரத்தோடு நன்றாக அணைத்துப் பிடிக்கிறது. 190 டிகிரியில் 15 முதல் 20 நிமிடம் பாரத்தோடும், அதை எடுத்துவிட்டு மேலும் 7 அல்லது 8 நிமிடமும் சுட்டபின், சூடாக இருக்கும்போதே முட்டை வெள்ளைக்கருவை மெல்லியதாகத் தடவி இரண்டு நிமிடம் உள்ளே வைத்தால், அது ஒரு படலமாக உறைந்து ஈரத்தைத் தடுக்கும். அந்தக் கொள்ளு இனிச் சமையலுக்கு உதவாது. ஆறவைத்து ஒரு டப்பாவில் போட்டு அடுத்த முறைக்கு வைத்துக்கொள்ளலாம்.

அடுத்து, ராகி. இது மைதாவுக்கு ஏழை மாற்று என்று யாரேனும் எண்ணினால் அது தவறு. ராகியில் பசைத்தன்மை தரும் குளூட்டன் இல்லாததால் தனி ராகி மாவு தேய்க்க வராது, விரிசல் விடும்; சம அளவு கோதுமை மாவு கலந்தால் இக்குறை பெருமளவு நீங்கும். 100 கிராம் ராகி மாவில் அரை தேக்கரண்டி உப்பிட்டு, கொதிக்கும் நீரை ஐந்து அல்லது ஆறு மேசைக்கரண்டி ஊற்றிக் கரண்டிக் காம்பால் கிளறி மூடி வைக்க வேண்டும். களி கிளறும் ஊரில் பிறந்தவர்களுக்கு இந்தப் பக்குவத்தை விளக்க வேண்டியதில்லை: மாவின் நிறம் சாம்பல் கலந்த பழுப்பிலிருந்து பளபளப்பான கருஞ்செம்மைக்கு மாறும், மண் மணம் அடங்கி வெந்த மணம் எழும். கை பொறுக்கும் சூட்டுக்கு வந்தபின் 100 கிராம் கோதுமை மாவையும் நான்கு மேசைக்கரண்டி கடலை எண்ணெயையும் சேர்த்துத் திரட்டி, கட்டையால் தேய்க்காமல் விரல்களாலேயே டின்னில் அழுத்திப் பரப்பலாம்.

இந்த மாவுக்குக் குளிர்ச்சியும் வேண்டாம், காத்திருப்பும் வேண்டாம். அதிகம் சுருங்காது என்பதால் முள்கரண்டியால் ஆங்காங்கே குத்தினால் போதும், பாரமும் வேண்டாம். 190 டிகிரியில் 15 முதல் 18 நிமிடத்தில் பாதி வெந்துவிடும். ஆனால், மைதாவைப் போலப் பொன்னிறத்தைப் பார்த்துப் பக்குவம் அறிய இங்கு வழியில்லை. நகத்தால் ஓரத்தைத் தட்டிப் பார்க்க வேண்டும். மந்தமாக ஒலித்தால் இன்னும் ஈரம் இருக்கிறது, ஓட்டைத் தட்டியதுபோல் ஒலித்தால் வெந்துவிட்டது. அடுக்கடுக்காக உதிரும் நயம் இதில் கிடைக்காது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். இது கடிப்புள்ள, கெட்டியான அடிமாவு. அந்தக் கெட்டித்தன்மையே காய்கறி கீஷுக்கு வேண்டிய வலிமையாகிறது. மேலும், முருங்கைக்கீரை, வெங்காயம், பச்சைமிளகாய், முட்டைக்கோஸ் போன்ற அழுத்தமான சுவைகளோடு ராகி பொருந்துவதுபோல் மைதா பொருந்துவதில்லை. காளானும் பாலாடைக்கட்டியும் போன்ற மென்சுவைகளுக்கு மைதாவே ஏற்றது. ராகி அவற்றை விழுங்கிவிடும்.

மூன்றாவது, அடிமாவே இல்லாத கீஷ். டின்னில் எண்ணெய் தடவி, காய்கறியைப் பரப்பி, கலவையை ஊற்றிச் சுடுவது. வேலைக்குச் செல்வோர் வாரநாளில் செய்ய இதைவிட எளிய வழியில்லை. எனினும் இதைக் கீஷ் என்று அழைக்க எனக்கு மனம் ஒப்பவில்லை. கெட்டியாகச் சுட்ட ஆம்லெட்டுக்கும் இதற்கும் இடைவெளி குறைவு, மென்மையான நடுவும் மொறுமொறுப்பான அடியும் சேரும் இன்பம் இதில் இல்லை.

எந்த அடிமாவானாலும் காய்கறியின் ஈரத்தை முன்பே போக்காவிட்டால் பயனில்லை. மூன்று முட்டைக்கு 250 முதல் 300 கிராம் பச்சைக் காய்கறி போதுமானது. முட்டைக்கோஸை மெல்லியதாக நறுக்கி, அகன்ற வாணலியில் பெருந்தீயில் மூடாமல் வதக்க வேண்டும்; மூடினால் அது தன் நீரிலேயே வேகும். கீரையை வதக்கியபின் ஆறவைத்து, மெல்லிய துணியில் கட்டி முறுக்கிப் பிழிய வேண்டும். ஒரு கட்டுக் கீரையிலிருந்து வெளிவரும் பச்சை நீரைக் கண்டால், அது கலவைக்குள் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பது விளங்கும். குடைமிளகாயைத் தீயில் வாட்டித் தோலை உரித்தால் ஈரமும் குறையும், இனிப்பும் கூடும். தக்காளிதான் மிகவும் கடினம். விதையையும் சாற்றையும் நீக்கி, உப்புத் தூவிக் கால் மணி நேரம் வடித்து, கலவைக்குள் போடாமல் மேலே மட்டும் அடுக்கினால் பிழைக்கலாம். சுரைக்காயையும் பூசணியையும் தவிர்ப்பது நல்லது.

கலவையில் ஒரு முட்டைக்கு ஏறத்தாழ 120 மில்லி பால் அல்லது கிரீம் என்பது நிலையான கணக்கு. நாட்டுக்கோழி முட்டை சிறியது. மூன்றுக்குப் பதில் நான்கு வேண்டும். பிரெஞ்சு முறையில் பயன்படும் கிரீமில் 30 விழுக்காட்டுக்கு மேல் கொழுப்பு இருக்கும். இங்கே சிறு பெட்டிகளில் கிடைக்கும் கிரீமில் 25 விழுக்காடு. அதில் 100 மில்லியுடன் 6 விழுக்காடு கொழுப்புள்ள நிறைபால் 250 மில்லி சேர்த்தால் நயமான பதம் வரும். பால் மட்டும் ஊற்றினால் திரிந்து நீர் விடும் வாய்ப்பு கூடும். ஒரு தேக்கரண்டி மக்காச்சோள மாவை (கார்ன்ஃப்ளார்) கரைத்துச் சேர்த்தால் அது தணியும்.

ஓடிஜி என்னும் சிறு மின் அடுப்பா, குக்கரா என்ற கேள்வி பல வீடுகளில் எழும். ஓடிஜியில் மேலும் கீழும் சூடு இருப்பதால் 170 முதல் 180 டிகிரியில் 35 நிமிடத்தில் மேற்பரப்பு பொன்னிறமாகிவிடும். கேஸ்கெட்டையும் விசிலையும் எடுத்துவிட்டு, அடியில் உப்புப் பரப்பி, தாங்கியின் மேல் டின்னை வைத்து மிதமான தீயில் சுடும் குக்கர் முறையில் அடிமாவு நன்றாகவே வேகும், சில நேரங்களில் ஓடிஜியைவிட நன்றாகவும் வேகும். ஆனால் மேற்பரப்பு வெளிறியே இருக்கும், மூடியில் திரளும் நீர் சொட்டும். ராகி அடிமாவுக்குக் குக்கர் போதும். மைதா வெண்ணெய் மாவுக்கு ஓடிஜி இல்லாமல் முயல வேண்டாம் என்பதே என் கருத்து. இரண்டிலும், டின்னை அசைத்தால் ஓரம் உறுதியாகவும் நடுவில் உள்ளங்கை அளவு மட்டும் இலேசாக அதிர்ந்தும் இருக்கும்போதே வெளியே எடுத்துவிட வேண்டும். கலவை 80 டிகிரியை ஒட்டி இறுகும், அதற்கு மேல் வெகுநேரம் விட்டால் திரிந்துவிடும்.

புரட்டாசியிலும் சனிக்கிழமைகளிலும் முட்டை தொடாத வீடுகளுக்குக் கடலைமாவு ஒரு வழி. ஒரு கிண்ணம் கடலைமாவுக்கு ஒன்றரைக் கிண்ணம் நீர்மோர் விட்டுக் கரைத்து, மஞ்சளும் பெருங்காயமும் சேர்த்து அதே காய்கறியோடு சுடலாம். முட்டைக் கலவையின் மென்மையை இதில் எதிர்பார்க்கக் கூடாது. அடையின் சுவையை விரும்புவோருக்கு இது நிறைவு தரும், ராகி அடிமாவோடு மிகவும் இசையும்.

சுட்டவுடன் வெட்டாமல் 20 நிமிடமாவது ஆறவிட்டால்தான் துண்டுகள் நிற்கும். கோடையில் ஒரு மணி நேரத்துக்கு மேல் வெளியே வைக்காமல் குளிர்பதனப் பெட்டிக்கு மாற்றினால் மூன்று நாள்வரை கெடாது. மறுநாள் மைக்ரோவேவில் சூடாக்கினால் மைதா அடிமாவு ரப்பராகிவிடும்; தோசைக்கல்லை மெல்லிய தீயில் காயவைத்து, துண்டை அதன்மேல் வைத்து ஒரு பாத்திரத்தால் கவிழ்த்து மூடினால், ஆறேழு நிமிடத்தில் உள்ளே சூடு ஏறி அடிப்பாகம் மறுபடி மொறுமொறுக்கும். ராகித் துண்டுக்கு இது இன்னும் எளிது; கல்லில் ஒரு சொட்டுக் கடலை எண்ணெய் விட்டால் முதல் நாளைவிட அடிப்பாகம் நன்றாக இருக்கும்.