‘அப்பீல் போட்டாச்சு’ என்று சொன்னால் நம்பித் திரும்பி வராதீர்கள்

உயர் நீதிமன்ற உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு அரசு அலுவலகத்துக்கு நடந்துகொண்டிருப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். எந்தத் துறை, எந்த மாவட்டம் என்று சொல்லப்போவதில்லை. வழக்கு இன்னும் முடியவில்லை.

அப்பா தினக்கூலியில் இரவுக் காவலராகச் சேர்ந்தவர். 2003 ஏப்ரலில் புதிய பென்ஷன் திட்டம் வருவதற்கு முன்பே நிரந்தரமாக்கிவிட்டார்கள். ஆனால் ஓய்வு பெறும்போது நிரந்தரப் பணி பத்து ஆண்டுக்குச் சற்றுக் குறைவாக இருந்ததால் பென்ஷன் இல்லை என்று கைவிரித்துவிட்டார்கள். தினக்கூலிக் காலத்தில் பாதியைச் சேர்த்தால் பத்தைத் தாண்டிவிடும். ரிட் மனு போட்டோம், சாதகமாக உத்தரவும் வந்தது. நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரத்துக்குள் பென்ஷன் நிர்ணயித்து நிலுவையுடன் வழங்க வேண்டும் என்று தெளிவாக இருந்தது.

12 வாரம் போனது. அலுவலகத்தில் கேட்டால் சூப்பிரண்டு அன்பாகவே பேசினார். “பெரியவரே, அப்பீல் போட்டாச்சு. ஜி.பி. ஆபீசில் ஃபைல் இருக்கு. அது முடியாம நாங்க ஒண்ணும் செய்ய முடியாது.” ஜி.பி. என்றால் அரசு வழக்கறிஞர். அடுத்த முறை போனாலும் அதே பதில். நாற்காலி போட்டு, தண்ணீர் கொடுத்து, அதையே சொல்லி அனுப்பினார்கள். அந்த மரியாதையைப் பார்த்து அப்பா முழுசாக நம்பிவிட்டார்.

இங்கேதான் விஷயம். உத்தரவை நிறைவேற்றாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம். ஆனால் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 1971, பிரிவு 20 அதற்கு ஒரு கெடு வைத்திருக்கிறது: அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஓர் ஆண்டுக்குள் மனு தாக்கலாக வேண்டும். எங்களைப் பொறுத்தவரை அந்தக் கடிகாரம் 12 வாரம் முடிந்ததுமே ஓடத் தொடங்கிவிட்டது. அலுவலகத்தில் இது தெரியாதவர்கள் யாரும் இல்லை. ஒவ்வொரு “அடுத்த மாசம் வாங்க”வும் அந்த ஆண்டிலிருந்து ஒரு மாதத்தை உருவிக்கொண்டிருந்தது. நினைவூட்டல் கடிதம் எழுதினாலோ வக்கீல் நோட்டீஸ் விட்டாலோ கெடு நீளாது. தினமும் தொடரும் தவறு என்று வாதாடிப் பார்க்கலாம்தான், ஆனால் அதை நம்பி உட்கார முடியாது. அப்பாவோடு வேலை பார்த்த ஒருவருக்கும் இதே உத்தரவு, இதே பதில். அவர் வக்கீலிடம் போவதற்குள் ஆண்டு தாண்டிவிட்டது.

அப்பீல் என்ன ஆனது? எங்கள் வக்கீல் விசாரித்தபோது ஒரு ரிட் அப்பீல் தாக்கலாகி, முதலில் தரும் தற்காலிகமான எஸ்.ஆர். எண்ணோடு நின்றிருந்தது. குறைகளைச் சரிசெய்யச் சொல்லித் திருப்பப்பட்டு, முறையான எண்கூட வாங்காமல் கிடந்தது. விசாரணைக்கே வராத மனுவில் தடை உத்தரவு எங்கிருந்து வரும்? எண் வாங்கியிருந்தாலும் அப்பீல் போட்டதே தடையாகிவிடாது. தடை வாங்காதவரை உத்தரவை நிறைவேற்றித்தான் ஆக வேண்டும். அதனால் இனி யாராவது அப்பீல் என்றால் எண்ணைக் கேளுங்கள், தடை உத்தரவின் நகலைக் கேளுங்கள். வாய்வார்த்தையை எழுத்தில் தரச் சொல்லுங்கள். எங்களிடம் எழுதித் தர மறுத்துவிட்டார்கள். அப்போதுதான் எனக்குச் சந்தேகமே வந்தது.

இன்னொன்று, உத்தரவு நகல். தபால் செக்‌ஷனில் வாங்கிவைத்துக்கொண்டு முத்திரை போட்டுத் தர மறுப்பார்கள். ‘நகல் கிடைத்த நாளிலிருந்து’ என்று உத்தரவு சொல்லும்போது, கிடைத்ததற்கு ஆதாரம் இல்லையென்றால் 12 வாரம் தொடங்கவே இல்லை என்பார்கள். நாங்கள் தபாலிலும் அனுப்பி ஒப்புகையைப் பத்திரமாக வைத்திருந்ததால் அந்த வாதம் எடுபடவில்லை.

ஆண்டு முடியச் சில வாரம் இருக்கும்போது அவமதிப்பு மனு போட்டோம். இதில் பதவியை மட்டும் குறிப்பிட்டால் போதாது, அதிகாரியின் பெயரும் வேண்டும். அதற்குள் எங்கள் அதிகாரி மாறுதலாகிப் போயிருந்தார். வந்தவர் “என் காலத்து உத்தரவு இல்லை” என்றார். அவரையும் சேர்த்தோம். நோட்டீஸ் போனதும் நடந்ததைச் சொன்னால் சிரிப்பீர்கள். அத்தனை மாதம் அசையாத ஃபைல், விசாரணைக்கு முன்பே பென்ஷன் ஆணையாக மாறி வந்துவிட்டது.

ஆணையைப் பிரித்துப் பார்த்தால் நிலுவை ஓய்வுபெற்ற நாளிலிருந்து இல்லை. நீதிமன்றத் தீர்ப்பு வந்த நாளிலிருந்துதான் கணக்குப் போட்டிருந்தார்கள். கூடவே நிபந்தனையற்ற மன்னிப்புக் கோரி ஒரு பிரமாணப் பத்திரம். அவமதிப்பு மனு முடித்துவைக்கப்பட்டது. ஆணை பிறப்பித்துவிட்டார்கள், அதில் பிழை இருந்தால் தனியாக வழக்குப் போடுங்கள் என்பதுதான் பதில். சட்டமும் ஏறக்குறைய அப்படித்தான் இருக்கிறது. அதிகாரி ஓர் ஆணை போட்டுவிட்டால், அது தவறாகவே இருந்தாலும் புதிய வழக்குக்குத்தான் காரணமாகும் என்று 1996-ல் பரிகார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ‘பரிசீலிக்க வேண்டும்’ என்று மட்டும் உத்தரவு வாங்கியவர்கள் நிலை இன்னும் மோசம். பரிசீலித்தோம், நிராகரித்தோம் என்று ஒரு பக்கத்தில் முடித்துவிடலாம். ரிட் போடும்போதே ‘வழங்க வேண்டும்’, எந்தத் தேதியிலிருந்து என்பதை மனுவின் கோரிக்கையில் எழுதச் சொல்லி வக்கீலிடம் கேளுங்கள்.

கன்டெம்ப்ட் போட்டால் அதிகாரி ஜெயிலுக்குப் போவார் என்று ஆசை காட்டிப் பணம் கேட்பவர்களும் இருக்கிறார்கள், ஜாக்கிரதை. வேண்டுமென்றே மீறினார் என்று நிரூபித்தாலும் அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். மன்னிப்பை நீதிமன்றம் ஏற்றால் அதுவும் இல்லை. 1994-ல் உத்தரப் பிரதேச முன்னாள் முதல்வர் கல்யாண் சிங்குக்கே ஒரு நாள் சிறையும் 2,000 ரூபாயும்தான். 2006-ல் மகாராஷ்டிர அமைச்சர் ஒருவருக்கும் முதன்மைச் செயலாளருக்கும் ஒரு மாதச் சிறை கிடைத்தது உண்மை. 2025-ல் ஆந்திராவில் உயர் நீதிமன்ற உத்தரவை மீறிக் குடிசைகளை இடித்த துணை ஆட்சியரைத் தாசில்தாராகப் பதவியிறக்கி, ஒரு லட்சம் அபராதமும் விதித்தது உச்ச நீதிமன்றம். இவை செய்தியாவது அபூர்வமாக நடப்பதால்தான். நமக்கு வேண்டியது அவருடைய சிறைவாசம் அல்ல, நம் பணம். அதற்கு நோட்டீசே பெரும்பாலும் போதும், ஆண்டு தாண்டாமல் போனால்.

நிலுவைக்காக இரண்டாவது ரிட் மனு போட்டிருக்கிறோம். பென்ஷன் மாதாமாதம் வருகிறது. உத்தரவு கையில் இருப்பவர்கள் இன்றே நகல் அனுப்பிய ஒப்புகையை எடுத்துத் தேதியைப் பாருங்கள்.