ஐ-சாரான்: சொந்தத் தொழில்காரரின் முதுமைக்கு எவ்வளவு தாங்கும்?

கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸில் பூக்கட்டி விற்பவருக்கும் பினாங்கு லெபோ பாசாரில் துணி தைப்பவருக்கும் முதலாளி இல்லை. மாதாமாதம் 12, 13 விழுக்காடு சேமநிதி கட்ட யாரும் இல்லை. அந்தக் குறையை ஈடுகட்ட ஊழியர் சேமநிதி வாரியம் நடத்தும் திட்டம்தான் ஐ-சாரான். 60 வயதுக்கு உட்பட்ட, சொந்தத் தொழில் செய்யும் மலேசியர் சேரலாம். 2025 முதல், கட்டும் தொகையில் 20 விழுக்காட்டை அரசு கூடுதலாகப் போடுகிறது. ஆண்டுக்கு 500 வெள்ளி வரை, வாழ்நாளில் மொத்தம் 5,000.

அந்த 500 முழுசாகக் கிடைக்க ஆண்டுக்கு 2,500 கட்ட வேண்டும். மாதம் 200 என்றால் 2,400-இல் நின்றுவிடும், அரசுப் பங்கில் 20 வெள்ளி போய்விடும். 210 கட்டுங்கள், நாளுக்கு 7 வெள்ளி எடுத்துவைத்தால் போதும். ஆண்டுக் கணக்கு டிசம்பர் 31-இல் முடிகிறது, கடைசி நாள் வரை தள்ளிப்போடாதீர்கள். கோட்டைவிடும் இடம் ஒன்று உண்டு: வாரியத்தின் இணையக் கணக்கான ஐ-அக்காவுனில் ஐ-சாரானுக்குப் பதியாமல், வெறும் சுயசந்தாவாகக் கட்டுவது. லாப ஈவு வரும். அரசுப் பங்கு வராது.

55 வயதுக்குள் கட்டும் 2,500-இல் 1,875 ஓய்வுக்காலக் கணக்குக்கும், 375 வீடு, படிப்பு, மருத்துவம் போன்றவற்றுக்கு எடுக்கும் செஜாத்ரா கணக்குக்கும், 250 ஃபிளெக்ஸிபல் கணக்குக்கும் போகும். ஃபிளெக்ஸிபலில் 50 வெள்ளியிலிருந்து எப்போது வேண்டுமானாலும் எடுக்கலாம். அவசரத்துக்கு உதவும்தான். ஆனால் கொரோனா காலத்துச் சிறப்பு அனுமதிகளில் உறுப்பினர்கள் எடுத்தது 145 பில்லியன் வெள்ளி. கையெட்டும் பணம் கரையும். அந்த 10 விழுக்காட்டை மறந்துவிடுவதே நல்லது.

2024-க்கு ஈவு 6.30 விழுக்காடு. எல்லா ஆண்டும் அப்படி இராது, 5 என்றே வைப்போம். அரசின் 500-ஐயும் சேர்த்து ஆண்டுக்கு 3,000 என்றால், 10 ஆண்டில் சுமார் 37,700 சேரும். அதை 20 ஆண்டுக்குப் பிரித்தால் மாதம் 157 வெள்ளி. 55 வயதில் இருக்க வேண்டிய அடிப்படைச் சேமிப்பாக வாரியம் 2025 வரை சொல்லிவந்த 240,000, இதே 20 ஆண்டுக்கு மாதம் 1,000 தரும். ஆக, ஐ-சாரான் நல்ல தொடக்கம், ஓய்வூதியம் அல்ல. முடிந்தவர்கள் 2,500-க்கு மேலும் கட்டுங்கள். அதற்கு ஊக்கத்தொகை கிடையாது, ஈவு உண்டு.

அரசு பக்கமிருந்து பார்த்தால் இது மலிவான செலவு. 2030 வாக்கில் நாட்டில் 60 வயதைத் தாண்டியவர்கள் 15 விழுக்காட்டை எட்டுவார்கள் என்பது கணிப்பு. ஓய்வூதியச் சுமைக்குப் பயந்துதான் 2024 பிப்ரவரி முதல் புதிய அரசு ஊழியர்களைச் சேமநிதிக்கு மாற்றினார்கள். கையில் சேமிப்பின்றி, ஆதரவுமின்றி நிற்கும் முதியவருக்குச் சமூகநலத் துறை தரும் உதவி 2025 முதல் மாதம் 600 வெள்ளி. ஐ-சாரானில் ஒருவருக்கு வாழ்நாள் முழுக்க அரசு தரும் 5,000, அந்த உதவியில் ஒன்பது மாதத்துக்குக்கூட வராது. இந்த உச்சவரம்பை இன்னும் உயர்த்தலாம், கருவூலத்துக்கு அது நட்டமில்லை.

52 வயதில் சேர்பவருக்கு எட்டு ஆண்டுதான், அதாவது அரசுப் பங்கு 4,000. பதிகிற அன்றே வாரிசுதாரர் பெயரையும் பதிந்துவிடுங்கள்.