என்பிஏ அட்டவணையோடு 12 சீசன்: திருச்சியிலிருந்து ஓர் அனுபவப் பகிர்வு

2014 ஜூனில் சான் அன்டோனியோ ஸ்பர்ஸ் அணி மயாமி ஹீட்டை 4-1 என்று வென்ற இறுதித் தொடரில்தான் எனக்கு என்பிஏ என்ற அமெரிக்கக் கூடைப்பந்து லீக்கின் பைத்தியம் பிடித்தது. அந்த அக்டோபரிலிருந்து ஒரு சீசன்கூட விட்டதில்லை. வீரர்களைப் பற்றியும் அணிகளைப் பற்றியும் எழுத நிறையப் பேர் இருக்கிறார்கள். இந்த 12 சீசன்களில் என் காலைகளை நடத்தியதும், ஆட்டத்தைப் பார்க்கும் விதத்தையே எனக்கு மாற்றிக் கொடுத்ததும் அட்டவணைதான். அதைப் பற்றி உட்கார்ந்து எழுத வேண்டும் என்று ரொம்ப நாளாக ஆசை.

முதலில் கணக்கு. மொத்தம் 30 அணிகள், அணிக்கு 82 ஆட்டம், பாதி சொந்த ஊரில், பாதி வெளியூரில். எல்லாம் சேர்த்தால் 1,230 ஆட்டம். தன் பிரிவில் உள்ள 4 அணிகளோடு தலா 4 முறை, அதே கான்ஃபரன்ஸின் (லீக்கின் கிழக்கு, மேற்கு என்ற இரு பாதிகளில் ஒன்று) மற்ற 10 அணிகளில் 6 அணிகளோடு 4 முறை, மீதி 4 அணிகளோடு 3 முறை, எதிர் கான்ஃபரன்ஸின் 15 அணிகளோடு 2 முறை. 16, 24, 12, 30: கூட்டினால் 82. இந்த 82 இன்று நேற்று வந்ததல்ல. 1967-68 சீசனிலிருந்து இருக்கிறது. அப்போது இருந்ததே 12 அணிகள்தான்.

சில அணிகளோடு 4, சிலவற்றோடு 3 என்பது எனக்கு இன்றும் உறுத்துகிறது. மூன்று ஆட்டம் என்றால் ஒருவருக்குச் சொந்த ஊரில் இரண்டு, இன்னொருவருக்கு ஒன்றுதான். யாரோடு மூன்று என்பது ஆண்டுக்கு ஆண்டு சுழலும் என்பது தெரியும். ஆனால் ஏப்ரலில் ஒரே ஒரு வெற்றி வித்தியாசத்தில் பிளே-ஆஃப் (வழக்கமான சீசன் முடிந்தபின் கோப்பைக்காக நடக்கும் சுற்று) இடம் கைநழுவிப் போகும்போது, அடுத்த வருஷம் சரியாகிவிடும் என்பதில் என்ன ஆறுதல்? எல்லாரோடும் இரண்டு முறை ஆடினால் 58 ஆட்டம், கணக்கு சுத்தம். ஆனால் ஒவ்வொரு அணிக்கும் சொந்த ஊரில் 12 ஆட்டத்தின் டிக்கெட் வசூல் போய்விடும். அதனால் அது நடக்காது.

இங்கே இருந்து பார்க்க நினைப்பவர்களுக்கு முதல் பாடம் கடிகாரம். அமெரிக்காவில் செவ்வாய் இரவு நடப்பது நமக்குப் புதன் காலை. குளிர்காலத்தில் நியூயார்க்குக்கும் நமக்கும் பத்தரை மணி நேர வித்தியாசம். கிழக்குக் கரையில் மாலை 7 மணி ஆட்டம் இங்கே விடியற்காலை 5:30. சான் அன்டோனியோவிலோ டாலஸிலோ மாலை 7 என்றால் நமக்கு 6:30. டென்வர் என்றால் 7:30. லாஸ் ஏஞ்சலிஸில் இரவு 7:30 என்றால் காலை 9. அதனால் புதிதாக ஓர் அணியைப் பிடிக்கப்போகிறவர்களிடம், நடு அமெரிக்காவில் உள்ள அணியாகப் பாருங்கள் என்று சொல்வேன். பால் வாங்கி வந்து காபி போட்டுவிட்டு உட்கார்ந்தால், வேலைக்குக் கிளம்பும் முன் நான்காவது குவார்ட்டரும் முடிந்துவிடும். கலிபோர்னியா அணி என்றால் இரண்டாம் பாதியை பஸ்ஸில்தான் பார்க்க வேண்டும்.

மார்ச்சில் கவனமாக இருங்கள். மாதத்தின் இரண்டாவது ஞாயிறு அமெரிக்காவில் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளுவார்கள். அன்றிலிருந்து நமக்கு எல்லா ஆட்டமும் ஒரு மணி நேரம் முன்னதாக வந்துவிடும். நவம்பர் முதல் ஞாயிறு இதற்கு நேர்மாறு. முதல் இரண்டு வருஷமும் மார்ச்சில் நான் டிவியைப் போட்டபோது ஆட்டம் இரண்டாவது குவார்ட்டரில் இருந்தது.

வாரத்துக்கும் ஒரு தாளம் உண்டு. அமெரிக்காவின் புதனும் வெள்ளியும் கூட்டம் மிகுந்த நாள்கள், ஒரே இரவில் பத்து ஆட்டத்துக்கு மேல்கூட இருக்கும். வியாழன் பெரும்பாலும் இரண்டு மூன்றுதான். நமக்கு அப்படியே ஒரு நாள் தள்ளி, வியாழனும் சனியும் திருவிழா, வெள்ளிக்கிழமை காலை ஓய்வு. காரணம் தொலைக்காட்சி. நான் பார்க்கத் தொடங்கியபோது வியாழன் இரவு டிஎன்டி சேனலுக்கு, புதனும் வெள்ளியும் ஈஎஸ்பிஎன் சேனலுக்கு. தேசிய ஒளிபரப்புக்கு என்று இரண்டு ஆட்டத்தை வைத்துவிட்டு, மற்ற அணிகளை அன்றைக்கு ஒதுக்கிவைத்துவிடுவார்கள். 2025-26இல் 11 ஆண்டுக்கான புதிய ஒப்பந்தம் தொடங்கியது, டிஎன்டி போய்விட்டது. இப்போது திங்கள் பீகாக், செவ்வாய் என்பிசி, புதன் ஈஎஸ்பிஎன், வெள்ளி அமேசான் பிரைம். அமெரிக்கக் கால்பந்து சீசன் முடியும்வரை ஞாயிறு இரவில் கூடைப்பந்து அடக்கி வாசிக்கும், பிப்ரவரிக்குப் பிறகுதான் அந்த இரவை எடுத்துக்கொள்ளும்.

இதெல்லாம் நேரம் பார்த்து எழுந்திருக்க உதவும் விஷயங்கள். ஆட்டத்தையே வேறு கண்ணால் பார்க்கவைத்தது பேக்-டு-பேக். இன்று இரவு ஓர் ஊரில் ஆடிவிட்டு, விமானம் ஏறி நள்ளிரவு தாண்டி இன்னோர் ஊரில் இறங்கி, நாளை இரவு மறுபடி ஆடுவது. முதல் சில சீசன்களில் இது எனக்குத் தெரியவே தெரியாது. நல்ல அணி திடீரென்று 25 புள்ளி வித்தியாசத்தில் தோற்றால் கோபம்தான் வரும். பிறகு ஒரு நோட்டுப் போட்டு, ஸ்பர்ஸின் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் பக்கத்தில் முந்தைய இரவு எங்கே இருந்தார்கள், எதிரணிக்கு எத்தனை நாள் ஓய்வு என்று எழுத ஆரம்பித்தேன். இரண்டு மாதத்தில் கண் திறந்துவிட்டது. களைத்த அணி முதல் பாதியில் தெரியாது, மூன்றாவது குவார்ட்டரில் தெரியும். எறியும் பந்து வளையத்தின் முன்விளிம்பில் பட்டுத் திரும்பும், ஏனென்றால் கால் தள்ளவில்லை. எதிரணி வேகமாகத் திரும்பி ஓடும்போது ஒருவர் நடந்து வருவார். அதுவும் பேக்-டு-பேக்கின் இரண்டாவது இரவு டென்வரில் விழுந்தால் போதும். கடல்மட்டத்திலிருந்து 5,280 அடி உயரம், மூச்சு வாங்கும். வீரர்களே இதை 'அட்டவணைத் தோல்வி' என்று சொல்வதுண்டு.

இந்த விஷயத்தில் லீக் உண்மையாகவே மாறியிருக்கிறது, அதைச் சொல்லியாக வேண்டும். 2014-15இல் ஓர் அணிக்குச் சராசரியாக 19க்கு மேல் பேக்-டு-பேக் இருந்தது. ஐந்து இரவில் நான்கு ஆட்டம் என்ற கொடுமையும் உண்டு. 2017இல் சீசனை அக்டோபர் 17க்கே தொடங்கினார்கள். முந்தைய ஆண்டு அது அக்டோபர் 25. கூடுதலாகக் கிடைத்த அந்த ஒரு வாரத்தில் ஐந்து இரவில் நான்கு என்பது முழுக்க ஒழிந்தது, பேக்-டு-பேக் சராசரி 15க்குக் கீழே இறங்கியது. ஒரு வாரம் இவ்வளவு செய்யுமா என்று அப்போது ஆச்சரியப்பட்டேன்.

நட்சத்திர வீரர்களுக்கு ஆட்டத்தில் ஓய்வு கொடுக்கலாமா என்ற சண்டையின் வேர் 2012 நவம்பர் 29இல் இருக்கிறது. ஸ்பர்ஸுக்கு அது தொடர் வெளியூர்ப் பயணத்தின் ஆறாவது ஆட்டம், ஐந்து இரவில் நான்காவது. பயிற்சியாளர் கிரெக் போபோவிச், முன்னணி வீரர்களான டிம் டங்கன், டோனி பார்க்கர், மனு ஜினோபிலி, டேனி கிரீன் நால்வரையும் மயாமி ஆட்டத்துக்கு முன்பே ஊருக்கு அனுப்பிவிட்டார். அது தேசிய ஒளிபரப்பு ஆட்டம். லீக் 2,50,000 டாலர் அபராதம் போட்டது. மிச்சமிருந்தவர்கள் 105-100 வரை தாக்குப்பிடித்துத் தோற்றார்கள். போபோவிச் செய்தது சரி என்றே நினைக்கிறேன். அதே சமயம் டிக்கெட் வாங்கியவர்களின் வயிற்றெரிச்சலும் புரிகிறது. ஒரு பொங்கல் லீவில் ஊரிலிருந்து வந்த என் அக்கா மகனை, அவனுக்குப் பிடித்த வீரரின் ஆட்டம் என்று சொல்லி 5 மணிக்கு எழுப்பி உட்காரவைத்தேன். அந்த வீரர் சாதாரண உடையில் பெஞ்சில் இருந்தார். "மாமா, இவர் எப்போ இறங்குவார்?" என்று அவன் ஆட்டம் முடியும்வரை கேட்டுக்கொண்டே இருந்தான். 2023இல் வந்த விதிப்படி ஒரே ஆட்டத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட நட்சத்திரங்களுக்கு ஓய்வு கொடுக்க முடியாது, தேசிய ஒளிபரப்பில் அவர்கள் ஆடக் கிடைக்க வேண்டும், பெரிய விருதுகளுக்குக் குறைந்தது 65 ஆட்டம் ஆடியிருக்க வேண்டும். பாதி நோய்க்கு மருந்து என்று சொல்லலாம்.

அட்டவணை எப்படித் தயாராகிறது என்று தேடியபோதுதான் அரங்கங்களின் கதை கிடைத்தது. அணிகள் தங்கள் அரங்கம் எந்தெந்த நாளில் காலி என்று முதலில் தெரிவிக்க வேண்டும். அதே கூரையின் கீழ் பனி ஹாக்கி நடக்கும், இசை நிகழ்ச்சி நடக்கும். லாஸ் ஏஞ்சலிஸில் லேக்கர்ஸ், கிளிப்பர்ஸ், ஹாக்கி அணியான கிங்ஸ் மூன்றும் 2024 வரை ஒரே அரங்கத்தைப் பங்குபோட்டன. 2012 மே மாதம் அங்கே நான்கே நாளில் ஆறு பிளே-ஆஃப் ஆட்டங்கள் நடந்தன. பனித்தரையின் மேல் மரத்தரை, பிறகு மறுபடி பனி. அந்த ஊழியர்கள் தூங்கியிருப்பார்களா என்று இப்போதும் நினைத்துக்கொள்வேன். ஸ்பர்ஸுக்கு ஒவ்வொரு பிப்ரவரியும் வனவாசம். அவர்கள் அரங்கத்தைக் கால்நடைக் கண்காட்சியும் ரோடியோவும் எடுத்துக்கொள்ளும். குதிரையும் காளையும் உள்ளே, அணி ஊர் ஊராக. 2003இலிருந்து இந்த 'ரோடியோ பயணம்' வருடம் தவறாமல் நடக்கிறது. இத்தனை நிபந்தனைகளையும் பல பத்தாண்டுகள் மேட் வினிக் என்ற ஒரு மனிதர் சமாளித்து அட்டவணை போட்டிருக்கிறார். அவருக்குப் பிறகுதான் கணினி மென்பொருள் முழுமையாக வந்தது.

இன்னொரு மாற்றம் 2023இல் வந்த சீசன் நடுக் கோப்பை. பெரும்பாலும் நவம்பரில் செவ்வாயும் வெள்ளியும் குழு ஆட்டங்கள், டிசம்பரில் இறுதி; முதல் மூன்று ஆண்டும் அது லாஸ் வேகஸில் நடந்தது. இதற்காக ஆகஸ்டில் ஒவ்வோர் அணியின் 80 ஆட்டங்களுக்கு மட்டுமே தேதி வரும். மீதி இரண்டு, குழு ஆட்டம் முடிந்த பிறகு நிரப்பப்படும். இறுதி ஆட்டம் மட்டும் புள்ளிப் பட்டியலில் சேராது. முதலில் எனக்கு இது ஒட்டவில்லை. 2025 டிசம்பரில் ஸ்பர்ஸ் இறுதிக்குப் போய் நியூயார்க் நிக்ஸிடம் 124-113 என்று தோற்ற காலையில் மனம் மாறியது. பட்டியலில் சேராத ஒரு தோல்வி அன்று முழுக்க என்னை விடவில்லை என்றால், அந்த ஆட்டத்துக்கு மதிப்பு இருக்கிறது என்றுதானே அர்த்தம்.

அட்டவணையே உடைந்த நாளையும் பார்த்திருக்கிறேன். 2020 மார்ச் 12, நமக்கு விடியற்காலை. ஓக்லஹோமா சிட்டியில் யூட்டா ஜாஸுடன் ஆட்டம் தொடங்க வேண்டிய நேரத்தில் வீரர்கள் திரும்பி உள்ளே போனார்கள். யூட்டா வீரர் ரூடி கோபேருக்குக் கொரோனா. சற்று நேரத்தில் சீசனே நிறுத்தப்பட்டது. ஜூலை 30இல் ஆர்லாண்டோவில் ஒரே வளாகத்துக்குள் 22 அணிகளை வைத்துத் தொடர்ந்தார்கள். விமானம் இல்லை, சொந்த ஊர் இல்லை. பிற்பகல் ஆட்டங்கள் நிறைய, அதனால் நமக்கு இரவு 11 மணிக்கே நேரலை. என் நோட்டில் அந்த மூன்று மாதமும் பயணப் பத்தி காலியாக இருக்கிறது.

ஒளிபரப்புச் செயலிகளைப் பற்றி அதிகம் சொல்ல மாட்டேன். மறுஒளிபரப்பு பார்க்கத் திறந்தால் முகப்பிலேயே முடிவைக் காட்டும் செயலிக்கு ஒருமுறை காசு கொடுத்தேன், அடுத்த வருஷம் கொடுக்கவில்லை. புள்ளிகளை மறைக்கும் வசதி இருக்கிறதா என்று பார்த்துவிட்டுச் சந்தா கட்டுங்கள்.

12 வருஷத்தில் எனக்கு மிகவும் பிடித்த நாள் எது என்றால், வழக்கமான சீசனின் கடைசி ஞாயிறு. 30 அணிகளும் அன்று ஆடும். ஒருவர் முடிவைப் பார்த்து இன்னொருவர் கணக்குப் போடக் கூடாது என்பதற்காகக் கிழக்கின் ஆட்டங்கள் எல்லாம் ஒரே நேரத்தில், மேற்கின் ஆட்டங்கள் எல்லாம் ஒரே நேரத்தில். 2025இல் அது ஏப்ரல் 13. கிழக்கு நமக்கு இரவு 10:30க்கு, மேற்கு நள்ளிரவு 1 மணிக்கு. மேற்கில் நான்காவது இடத்திலிருந்து எட்டாவது வரை அன்றுதான் முடிவாக வேண்டும். லேப்டாப்பில் ஒன்று, டிவியில் ஒன்று, ஃபோனில் ஒன்று. டென்வர் ஜெயித்தது, மினசோட்டா ஜெயித்தது. எல்லாரும் முடித்த பிறகும் சான் பிரான்சிஸ்கோவில் வாரியர்ஸும் கிளிப்பர்ஸும் சமமாக நின்று கூடுதல் நேரத்துக்குப் போனார்கள். 82 ஆட்டம் ஆடியும் போதாமல் இன்னும் ஐந்து நிமிடம். கிளிப்பர்ஸ் 124-119. வாரியர்ஸ் ஏழாவது இடத்துக்கு இறங்கி, பிளே-இன் என்ற தகுதிச் சுற்று ஆடித்தான் பிளே-ஆஃபுக்குள் வர வேண்டும் என்றானது.

டிவியை அணைத்தபோது நாலு மணி ஆகப்போகிறது. அன்று சித்திரை ஒன்று. அம்மா குளித்துவிட்டு வாசலில் கோலமாவுக் கிண்ணத்தோடு நின்றார். "எழுந்துட்டியா, இல்ல இன்னும் படுக்கவே இல்லையாப்பா?" என்றார். படுக்கவில்லை என்றேன். "சரி, அப்ப அந்த மாவிலையைக் கட்டிட்டுப் போய்ப் படு" என்று கயிற்றை நீட்டினார்.