பனிமூட்டத்துல எந்த லைட்டு போடணும்: ஹைபீமா, லோபீமா, ஃபாக் லைட்டா?

40 கொண்டை ஊசி வளைவு இருக்குற வால்பாறை ரோட்டுல கவர்க்கல் பக்கம் போனா, பட்டப்பகல்லயே முன்னாடி ரோடு காணாம போயிரும். உடனே நம்மாளுங்க கை தானா ஹைபீமுக்குத்தான் போகும், வெளிச்சம் ஜாஸ்தியானா நல்லா தெரியும்னு ஒரு நெனப்பு.

ஆனா முதல்ல கழிச்சு விட வேண்டியதே அதைத்தான். பனிங்கறது காத்துல மிதக்குற பொடிப்பொடி தண்ணித்துளி, ஹைபீம் மேல தூக்கி அடிக்குதா, வெளிச்சம் அந்தத் துளிகள்ல பட்டு செதறி நம்ம கண்ணுக்கே திரும்பி வருது, சுண்ணாம்பு அடிச்ச செவுத்த பாத்து வண்டி ஓட்டுற மாதிரி இருக்கும். லோபீம் கீழ பாத்து அடிக்கிறதால எவ்வளவோ தேவலாம். லேசான பனிக்கு அதுவே போதும்.

அடர்த்தி ஏறும்போதுதான் ஃபாக் லைட்டுக்கு வேலை. பம்பர்ல தாழ்வா இருக்கும், வெளிச்சம் அகலமா தட்டையா போகும், மேல்பக்கம் சுத்தமா கட் ஆயிரும். அதனால ரோட்டோர வெள்ளைக் கோடு, பாலத்துக் கட்டை, வளைவுல உள்பக்க மண்ணு இதெல்லாம் கண்ணுக்குச் சிக்கும். தூரத்துக்கு மட்டும் எதிர்பார்க்காதீங்க, அது டிசைன்லயே கிடையாது, இதை நம்பி 60ல போறது தற்கொலைக்கு சமம். லோபீம் கூட சேர்த்து போடுறதுதான் என் ஓட்டு. பனி ரொம்ப அப்பிருச்சு, லோபீமே கண்ணுல அடிக்குதுன்னா பார்க் லைட்டும் (ஹெட்லைட்டுக்கு முன்னாடி எரியுற சின்ன லைட்டு) ஃபாக் லைட்டும் மட்டும் போட்டு உருட்டலாம், ஜெர்மனில இதுக்கு சட்டத்துலயே இடம் இருக்கு.

அடுத்து மஞ்சளா வெள்ளையா, இது தீராத பஞ்சாயத்து. மஞ்சள் பனியைக் கிழிச்சுட்டு போகும்னு கடைக்காரர் சொல்லுவாரு, நம்பாதீங்க. பனித்துளி வெளிச்சத்தோட அலைநீளத்தை விட ரொம்பப் பெருசு, எந்தக் கலரா இருந்தாலும் கிட்டத்தட்ட ஒரே மாதிரிதான் செதறும். மஞ்சள்ல நீலம் கம்மி, அதனால கண்ணு கூசுறது கொஞ்சம் குறையும், அவ்வளவுதான். பிரான்ஸ்லயே 1993 வரைக்கும் ஹெட்லைட்டு மஞ்சளாத்தான் இருக்கணும்னு ரூல் வச்சிருந்து அப்புறம் விட்டுட்டாங்க.

கலரை விட கட்-ஆஃப்தான், அதாவது வெளிச்சம் மேல போகாம வெட்டி நிக்குறதுதான் முக்கியம். கம்பெனி கொடுத்த 55 வாட் ஹாலஜனைக் கழட்டிட்டு அதே கூட்டுல 6000 கெல்வின் (நீலம் கலந்த வெள்ளை) எல்இடி பல்பைச் சொருகுறாங்க பாருங்க, அங்கதான் காசும் போச்சு பார்வையும் போச்சு. ஹாலஜன் இழை இருக்குற இடத்துக்குத்தான் அந்த ரிஃப்ளெக்டர் செஞ்சிருக்கு, எல்இடி சிப் கொஞ்சம் விலகி உக்காந்தாலும் வெளிச்சம் மேலயும் செதறி, எதிர்ல வர்ற லாரிக்காரர் நம்மள திட்டிட்டே போவாரு. ராத்திரி செவுத்துக்கு நேரா வண்டியை நிறுத்தி ஃபாக் லைட்டை மட்டும் போட்டுப் பாருங்க, வெளிச்சத்தோட மேல் விளிம்பு நேர்கோடா இருந்தா சரி, புகை மாதிரி கலைஞ்சு இருந்தா பழைய பல்பையே திரும்ப மாட்டிருங்க.

பின்பக்கக் கதை வேற. நாலு இண்டிகேட்டரையும் போட்டுக்கிட்டே ஓட்டுறவங்க இருக்காங்கல்ல, பின்னாடி வர்றவனுக்கு வண்டி நிக்குதா போகுதான்னே தெரியாது, வளைவுல எந்தப் பக்கம் திரும்புறோம்னும் காட்ட முடியாது. ஹஸார்ட் நிறுத்துன வண்டிக்கு. ஓடுற வண்டிக்கு ரியர் ஃபாக், அதாவது பின்பக்க ஃபாக் லைட்டு, டேஷ்போர்டுல ஆம்பர் கலர்ல எரியுற சிம்பல் அது, முன்பக்கத்துக்கு பச்சை. ரியர் ஃபாக் பிரேக் லைட்டு அளவுக்கு பளிச்னு இருக்கும், அதனால பனி விலகுனதும் அணைச்சிரணும், இல்லைன்னா பின்னாடி வர்றவனுக்கு பிரேக் எது ஃபாக் எதுன்னு குழம்பிரும்.

உங்க வண்டில ரியர் ஃபாக் இல்லையா, பரவால்ல, ஹெட்லைட்டு ஸ்விட்சைத் திருப்பி லோபீம் போட்டா டெயில் லாம்ப் தானா எரியும். பகல் பனில டிஆர்எல் (பகல்ல முன்னாடி தானா எரியுற லைட்டு) எரியுது போதும்னு விட்டா பல வண்டில பின்னாடி ஒண்ணுமே எரியாது.